குளிர்ந்த அறையும் உலர்ந்த அறையும்

சமவெளிப் பள்ளிகளில் பணியாற்றும் ஆசிரிய நண்பர்கள் கேமரன் மலைக்குச் சுற்றுலா வரும்போது எங்கள் பள்ளியையும் எட்டிப் பார்த்துச் செல்வதுண்டு. நூலகத்தினுள் நுழைந்ததும் பெரும்பாலோர் சொல்வது ஒன்றுதான். "உங்களுக்கென்ன கவலை? இயற்கையே குளிரூட்டி போட்டுக் கொடுத்திருக்கிறது. புத்தகமெல்லாம் கெடவே கெடாது." அப்போது நான் சுவரோரமாக உள்ள அடித்தட்டிலிருந்து ஒரு நூலை எடுத்து அவர்கள் கையில் கொடுப்பேன். அட்டையின் மேல் சாம்பல் பூசியதுபோல் படர்ந்திருக்கும் பூஞ்சணத்தைப் பார்த்ததும் பேச்சு நின்றுவிடும்.

குளிர்ச்சியும் வறட்சியும் ஒன்றே என்னும் எண்ணம் நம்மில் பலருக்கு ஆழப் பதிந்திருக்கிறது. குளிர்சாதனப் பெட்டியில் வைத்த உணவு கெடாமல் இருப்பதைப் பார்த்துப் பழகியதால் வந்த எண்ணமாக இருக்கலாம். அந்தப் பெட்டியில் மறந்துபோய் இரண்டு வாரம் கிடந்த ரொட்டியை எடுத்துப் பார்த்தவர்களுக்கு உண்மை தெரியும். குளிர் பூஞ்சணத்தின் வேகத்தைக் குறைக்கும். அதைத் தடுத்து நிறுத்தாது. எங்கள் மலையின் குளிரோ அதன் வேகத்தைக்கூடப் பெரிதாகக் குறைப்பதில்லை. தானா ராத்தா கடல்மட்டத்திலிருந்து சுமார் 1,440 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. பகலில் 22, 23 பாகை செல்சியஸ். இரவில் 15, 16 பாகை. நமக்குக் கம்பளிச் சட்டை தேவைப்படும் இந்த வெப்பநிலை பூஞ்சணத்திற்கு மிக இதமானது. அதற்கு வேண்டியது ஈரம் ஒன்றுதான். காற்றின் ஈரப்பதம் 65, 70 விழுக்காட்டைத் தாண்டி நெடுநாள் நின்றால் தாளும் பசையும் துணியும் அதற்கு உணவாகிவிடும். இங்கே பெரும்பாலான நாள்களில் ஈரப்பதம் 85 விழுக்காட்டுக்கு மேல்தான் நிற்கிறது. அக்டோபர், நவம்பர் மாதங்களில் மூடுபனி சாளரத்தின் வழியாக உள்ளே வந்து நாற்காலியில் அமராத குறைதான்.

இதை மாணவர்களுக்கு விளக்க நான் வாளிகளைப் பயன்படுத்துவேன். காற்று ஒரு வாளி. சூடு ஏறினால் வாளி பெரிதாகும், குளிர்ந்தால் சிறுக்கும். 30 பாகையில் ஒரு கன மீட்டர் காற்று ஏறத்தாழ 30 கிராம் நீராவியைத் தாங்கும். 20 பாகையில் 17 கிராம். 15 பாகையில் 13 கிராமுக்கும் சற்றுக் குறைவு. 10 பாகையில் 9 கிராம் அளவே. பகலில் 20 பாகையில் 70 விழுக்காடு ஈரப்பதத்துடன் இருந்த அறையை நினைத்துக்கொள்ளுங்கள். அதில் ஒரு கன மீட்டருக்கு 12 கிராம் நீராவி இருக்கிறது. இரவில் அறை 15 பாகைக்கு இறங்குகிறது. ஒரு சொட்டு நீர்கூட உள்ளே வரவில்லை. ஆனாலும் ஈரப்பதம் 94 விழுக்காட்டைத் தொட்டுவிடும். வாளி சிறுத்துவிட்டதல்லவா? இன்னும் சற்றுக் குளிர்ந்தால் நீராவி நீராகிக் குளிர்ந்த பரப்பில் படியத் தொடங்கும். அந்த வெப்பநிலையைப் பனிநிலை என்பர். வெளிச்சுவரை ஒட்டிய அலமாரியின் பின்புறம் எப்போதும் முதலில் கெடுவதற்கு இதுதான் காரணம். அறையிலேயே குளிர்ந்த பரப்பு அந்தச் சுவர். அங்கே காற்றோட்டமும் இல்லை.

இனி எங்கள் நூலகத்தின் கதைக்கு வருகிறேன். ஒரு வகுப்பறையின் பாதி அளவே உள்ள அறை அது. ஏறக்குறைய 2,000 நூல்கள். பாதிக்கு மேல் கதைப் புத்தகங்களும் பயிற்சி நூல்களும். போனால் மீண்டும் வாங்கிக்கொள்ளலாம். மீதியில்தான் என் கவலை. நம் நாட்டில் நம்மவர் எழுதிச் சிறு அச்சகங்களில் அச்சிட்ட கதைத் தொகுப்புகள், மறைந்த ஆசிரியர்களின் வீடுகளிலிருந்து வந்த இதழ்கள், தோட்டப் பாடசாலைக் காலத்துச் சேர்க்கைப் பதிவேடுகள். இவற்றை எந்தக் கடையில் போய் வாங்குவது?

பெற்றோர் ஆசிரியர் சங்கத்தார் இதை உணர்ந்து நிதி திரட்டி ஓர் ஈரப்பத நீக்கியை வாங்கித் தந்தனர். (எங்கள் மாணவர்கள் அதற்கு வைத்த பெயர் 'தண்ணி குடிக்கிற மிஷின்'. கலைச்சொல் ஆக்கத்தில் இவர்களை யாரும் மிஞ்ச முடியாது.) சமவெளியில் உள்ள ஒரு கடையில் வாங்கியது. நாளொன்றுக்கு 20 லிட்டர் நீரை எடுக்கும் என்று பெட்டியிலேயே அச்சிட்டிருந்தது. இவ்வளவு சிறிய அறைக்கு அது தாராளமாகப் போதும் என்று கடைக்காரர் உறுதியும் கூறியிருக்கிறார். முதல் நாள் இரவு முழுவதும் ஓடிய பிறகு காலையில் தொட்டியைத் திறந்து பார்த்தோம். ஒரு குவளை அளவுக்கு நீர் இருந்தது. பின்மூடியைக் கழற்றினால் உள்ளே தகடுகளின் மேல் வெண்ணிறப் பனிக்கட்டி!

கருவி பழுதில்லை. அது தன் இயல்புப்படிதான் நடந்துகொண்டது. கடைகளில் பரவலாகக் கிடைக்கும் ஈரப்பத நீக்கிகள் குளிர்சாதனப் பெட்டியைப் போன்றே அமுக்கியால் இயங்குபவை. உள்ளே ஒரு தகட்டைக் குளிரச் செய்து, அதன்மேல் காற்றை வீசி, நீராவியை நீராக்கித் தொட்டியில் வடிப்பதே அவற்றின் வேலை. 30 பாகையும் 80 விழுக்காடும் உள்ள அறையில் பனிநிலை 26 பாகை. தகடு சற்றே குளிர்ந்தாலும் நீர் வழியும். 17 பாகையில் உள்ள எங்கள் அறையை 60 விழுக்காட்டுக்குக் கொண்டுவர வேண்டுமென்றால் தகடு 9 பாகைக்கும் கீழே போயாக வேண்டும். நடைமுறையில் அது சுழியத்திற்கும் கீழே இறங்கிவிடுகிறது. அப்போது படியும் நீர் வடிவதில்லை, உறைகிறது. உறைந்த பனி தகட்டைப் போர்வைபோல் மூடிக்கொள்ள, காற்று அதைத் தொட முடிவதில்லை. கருவி அவ்வப்போது நின்று பனியை உருக்கிக்கொள்ளும், மீண்டும் ஓடும், மீண்டும் உறையும். அறை 18 பாகைக்குக் கீழே இறங்கினால் இந்த வகையின் திறன் சரியத் தொடங்கும். 15 பாகைக்குக் கீழே பெரும்பாலும் மின்கட்டணம்தான் மிச்சம்.

அந்த 20 லிட்டர் கணக்கும் பொய்யன்று. நம் வட்டாரத்தில் விற்கும் பல கருவிகளின் அளவு 30 பாகையிலும் 80 விழுக்காட்டிலும் சோதித்துச் சொல்லப்படுவது. நாளெல்லாம் வியர்வை வழியும் ஓர் அறையின் கணக்கு அது. அமெரிக்காவில் இந்தச் சிக்கலை அரசே கவனித்தது. அங்கே இவை பெரும்பாலும் குளிர்ந்த நிலவறைகளில்தான் வைக்கப்படுகின்றன. சோதனையோ 80 பாகை ஃபாரன்ஹீட்டில், அதாவது ஏறத்தாழ 27 பாகை செல்சியஸில் நடந்துவந்தது. 2019ஆம் ஆண்டில் அதை 65 பாகை ஃபாரன்ஹீட்டுக்கு, நம் கணக்கில் 18 பாகைக்கு, இறக்கினர். விளைவு என்ன தெரியுமா? நாளொன்றுக்கு 70 பைன்டு எடுக்கும் என்று விற்ற கருவியின் பெட்டியில் 50 பைன்டு என்று அச்சிட வேண்டியதாயிற்று. லிட்டரில் சொன்னால் 33 என்பது 24க்கும் சற்றுக் குறைவாயிற்று. கருவி அதேதான், அறைதான் குளிர்ந்தது. ஆகவே கருவி வாங்கும் பெற்றோர்களும் பள்ளிகளும் எத்தனை லிட்டர் என்பதோடு நின்றுவிடாமல், எந்த வெப்பநிலையில் அந்த அளவு என்பதையும் கேட்டே ஆக வேண்டும். பதில் சொல்லத் தெரியாத கடையில் வாங்க வேண்டாம் என்பது என் கருத்து.

இந்த நிலையில்தான் ஒரு நாள் மூதாட்டி ஒருவர் பேரனைத் துணைக்கு அழைத்துக்கொண்டு பள்ளிக்கு வந்தார். அடையாள ஆவணம் தொடர்பான விண்ணப்பத்திற்கு, தாம் சிறுவயதில் இங்கே படித்ததற்கான சான்று அவருக்குத் தேவைப்பட்டது. பிறப்புச் சான்றிதழ் இல்லை. "என் பேரு அந்தப் பெரிய புத்தகத்துல இருக்கும் டீச்சர். எங்கப்பாவுக்குக் கையெழுத்து தெரியாது. ரேகை வச்சாரு. நான் பக்கத்துல நின்னு பார்த்தேன்" என்றார். பதிவேட்டை எடுத்தோம். அவர் சொன்ன ஆண்டுக்குரிய பக்கங்கள் ஏழெட்டு ஒன்றோடொன்று ஒட்டிக் கிடந்தன. பிரிக்க முயன்றால் எழுத்தோடு உரிந்துவரும் நிலை. இரண்டு வாரம் கழித்து வரச் சொல்லி அனுப்பும்போது அவர் முகத்தைப் பார்க்க எனக்குத் துணிவில்லை. நம் மக்களுக்குப் பள்ளிப் பதிவேடு என்பது எத்தனை பெரிய ஆவணம் என்பதைப் பழைய தோட்டப் பள்ளிகளில் பணியாற்றும் ஒவ்வோர் ஆசிரியரும் அறிவர். அதை ஒரு மூலையில் அடுக்கிவைத்துவிட்டுக் குளிர் காப்பாற்றும் என்று நம்பிக்கொண்டிருக்கிறோம்.

சங்கக் கூட்டத்தில் இதைப் பேசினோம். சிலர் அலமாரிகளில் சிலிக்கா ஜெல் பொட்டலங்களைப் போடலாம் என்றனர். மூடிய பெட்டிக்குள் அது நல்ல வழியே. திறந்த அறைக்குப் போதாது. ஒரு கிலோ சிலிக்கா ஜெல் 200, 300 கிராம் நீரை உறிஞ்சியதும் நிறைந்துவிடும்; பிறகு அதைச் சூடாக்கி உலர்த்த வேண்டும். இணையத்தில் மலிவாகக் கிடைக்கும் சிறு மின்கருவிகளைச் சிலர் காட்டினர். வெப்பமான அறையிலேயே நாளொன்றுக்குச் சில நூறு மில்லிலிட்டர்தான் எடுக்கும் வகை அவை. குளிரில் அதுவும் இராது.

தேயிலைத் தொழிற்சாலையில் பணிபுரியும் ஒரு தந்தை பின்வரிசையில் அமர்ந்திருந்தார். எப்போதும் பேசாதவர். எழுந்து, "டீச்சர், மழை நாள்ல கொழுந்து ஈரமா வந்தா நாங்க சூடு காத்துதானே விடுறோம்? இந்த மிஷின் குளிரை வச்சு ஈரத்தை எடுக்கப் பார்க்குது. இங்கதான் ஏற்கெனவே குளிரா இருக்கே!" என்றார்.

கூட்டம் சிரித்தது. ஆனால் முழு அறிவியலும் அந்தப் பேச்சில் இருந்தது. கொழுந்தைப் பரப்பி வாட்டும் தொட்டியில் மழைநாளில் வெதுவெதுப்பான காற்றைச் செலுத்துவர். கடைசியில் சூடான காற்றில் உலர்த்தி, ஈரத்தை 3 விழுக்காடு அளவுக்குக் கொண்டுவந்த பிறகே தூளைப் பெட்டியில் அடைப்பர். இல்லையென்றால் நம் கோப்பைக்கு வருவதற்குள் தேயிலையும் பூஞ்சணம் பிடித்துவிடும். இந்த மலையில் ஈரத்தோடு நாள்தோறும் போராடி வெல்பவர்கள் நம் மாணவர்களின் பெற்றோர்கள்தாம். நாம்தான் அவர்களிடம் கேட்காமல் இருந்தோம். நம் பாட்டிமார் விதைநெல்லையும் புளியையும் அடுப்புக்கு மேலே பரணில் வைத்ததும் இதே அறிவுதான்.

அறையைச் சூடாக்கினால் மட்டும் போதாதா என்று கேட்கலாம். ஓரளவு போதும். 17 பாகையில் 90 விழுக்காடாக உள்ள காற்றை 22 பாகைக்குச் சூடாக்கினால் ஈரப்பதம் 67 விழுக்காட்டுக்கு இறங்கும். வாளி பெரிதாகிறது, நீர் அப்படியே இருக்கிறது. சூட்டை நிறுத்தினால் பழைய நிலைதான். தாள்கள் நிறைந்த அறையில் ஆளில்லாத இரவில் மின்சூடேற்றியை எரியவிடுவதை எந்தத் தலைமையாசிரியரும் ஒப்பமாட்டார், ஒப்பவும் கூடாது.

இதற்கென்றே வேறொரு வகை ஈரப்பத நீக்கி உண்டு. அதில் அமுக்கியும் இல்லை, குளிர்விக்கும் வாயுவும் இல்லை. சியோலைட்டு அல்லது சிலிக்கா ஜெல் பூசிய ஒரு சக்கரம் உள்ளே மெல்லச் சுழலும். அறையின் காற்று அதன் ஊடே செல்லும்போது சக்கரம் நீராவியை உறிஞ்சிக்கொள்ளும். சக்கரத்தின் மற்றொரு பகுதியில் சூடான காற்று பாய்ந்து அந்த ஈரத்தை வெளியேற்ற, அது நீராகித் தொட்டியில் சேரும். பனிக்கட்டிக்கு அங்கே வேலையில்லை. ஐந்து பாகைக் குளிரிலும் உழைக்கக்கூடியது. வெளிவரும் காற்று வெதுவெதுப்பாக இருப்பதால் அறையும் சற்றே சூடேறும்; சமவெளியில் இது குறை, எங்களுக்கோ வரம். மின்சாரம் கூடுதலாகச் செலவாகும் என்பதை மறைக்கக் கூடாது. 600 வாட்டில் பத்து மணிநேரம் ஓடினால் 6 யூனிட். விலையும் முதல் கருவியைவிடக் கூடுதல். ஒருமுறை பணம் கொடுத்து ஏமாந்த பெற்றோர்களிடம் மறுபடியும் கேட்பது எளிதாக இல்லை. இந்த முறையும் பயனில்லை என்றால் பள்ளியின் சொல்லுக்கே மதிப்பிருக்காது என்பதைத் தலைமையாசிரியரும் நானும் அறிந்தே இருந்தோம்.

கருவி வந்தது. முதல் வாரம் ஈரப்பதமானியின் முள் பெரிதாக அசையவில்லை! நாள்தோறும் தொட்டியில் நீர் சேர்கிறது. அறையோ 80 விழுக்காட்டுக்கு அருகிலேயே நிற்கிறது. "இதுவும் அப்படித்தானா?" என்று கேள்விகள் எழுந்தன. இந்த இடத்தில்தான் பலர் நம்பிக்கை இழந்து கருவியை நிறுத்திவிடுகின்றனர். கணக்குப் போட்டுப் பார்ப்போம். எங்கள் அறையின் கொள்ளளவு 81 கன மீட்டர். காற்றில் உள்ள நீர் முழுவதையும் சேர்த்தாலும் ஒரு லிட்டர்தான். ஆனால் நூல்கள்? ஈரம் மிகுந்த அறையில் தாள் தன் எடையில் 12 விழுக்காட்டுக்கும் மேல் நீரை வைத்திருக்கும். நல்ல நிலையில் உள்ள அறையில் 7 விழுக்காடு அளவே இருக்கும். நூலொன்று 300 கிராம் என்றால் 2,000 நூல்கள் 600 கிலோ. அதில் 5 விழுக்காடு 30 லிட்டர். அலமாரிப் பலகையும் சுவரும் தனி. நாம் உலர்த்துவது காற்றையன்று; அந்த 30 லிட்டரை. ஐந்தாம் ஆண்டு மாணவர்களிடம் இந்தக் கணக்கைக் கரும்பலகையில் போட்டுக் காட்டினேன். அவர்களே வீட்டில் போய்ப் பெற்றோரிடம் விளக்கிவிட்டனர்; எனக்கு வேலை மிச்சம்.

சாளரத்தின் கண்ணாடிப் பட்டைகளுக்கு உட்புறமாக நெகிழித் தாளை ஒட்டினோம். கதவின் அடியில் ரப்பர்ப் பட்டை வைத்தோம். காற்று நன்றாக வரட்டும் என்று சாளரத்தைத் திறந்துவைத்துக் கருவியை ஓட்டுவது, கேமரன் மலை முழுவதையும் உலர்த்த முயல்வதாகும். அலமாரிகளைச் சுவரிலிருந்து ஒரு சாண் தள்ளி வைத்தோம். மாணவர் இருவர் காலையும் மாலையும் வெப்பநிலையையும் ஈரப்பதத்தையும் குறித்து, தொட்டி நீரை அளந்து பூச்செடிகளுக்கு ஊற்றினர். மூன்றாம் வாரத்தில் முள் 60க்குக் கீழே வந்தது. இப்போது 55க்கும் 60க்கும் இடையில் வைத்திருக்கிறோம். அதற்கும் கீழே வெகுவாக இறக்க வேண்டாம். பழைய தாளும் பசையும் முறுகும். கருவிகளில் ஈரப்பத அளவைக் குறித்துவைக்கும் வசதி இருக்கும். அந்த அளவை எட்டியதும் தானே நின்றுகொள்ளும்.

பூஞ்சணம் பிடித்த நூலை ஈரத்துணியால் துடைக்காதீர்கள். முதலில் உலரட்டும். பிறகு வெளியே கொண்டுபோய், முகக்கவசம் அணிந்து, மென்தூரிகையால் தட்டுங்கள். மாணவர்களை இதில் ஈடுபடுத்த வேண்டாம், குறிப்பாக இழுப்பு உள்ள பிள்ளைகளை. சிலிக்கா ஜெல் வாங்கும்போதும் நீல நிறத்தில் உள்ளதைத் தவிருங்கள். அதில் கோபால்ட்டு உப்பு இருக்கக்கூடும்.

சமவெளி நண்பர்கள் இது மலைக்காரர்களின் தொல்லை என்று விட்டுவிட வேண்டாம். உங்கள் கணினி அறையில் குளிரூட்டி 18 பாகையில் ஓடுகிறதல்லவா? அதுவும் ஒரு குளிர்ந்த அறைதான். குளிரூட்டி ஓடும் வரையில் அதுவே ஓரளவு ஈரத்தை எடுக்கும். மாலையில் அதை நிறுத்தியதும் வெளியே இருந்து 30 பாகைக் காற்று நுழைந்து, குளிர்ந்த மேசையிலும் சுவரிலும் அலமாரியிலும் நீராய்ப் படியும். வார இறுதியும் பள்ளி விடுமுறையும் கழிந்து கதவைத் திறக்கும்போது வீசும் அந்த நாற்றம் உங்களுக்கும் தெரிந்ததே. அறையை 24, 25 பாகையில் வைத்து, நிறுத்திய பிறகு சாதாரண அமுக்கி வகை ஈரப்பத நீக்கியை ஓட்டினால் அங்கே அது முழுத் திறனோடு உழைக்கும். எங்களிடம் உறைந்துபோன முதல் கருவியைச் சமவெளியில் உள்ள ஒரு பள்ளிக்குக் கொடுத்துவிட்டோம். நாள்தோறும் தொட்டி நிறைகிறதாம்.

பதிவேட்டைப் பற்றிக் கேட்பீர்கள். அறை உலர்ந்த பிறகும் அவசரப்படவில்லை. தாள் தானாகச் சுருங்கி விலகும் வரை காத்திருந்து, மெல்லிய நெகிழி அட்டையை ஓரத்திலிருந்து நுழைத்து ஒவ்வொன்றாகப் பிரித்தோம். இரண்டு பக்கங்கள் போயின. அந்த மூதாட்டியின் பக்கம் கிடைத்தது. பெயரின் கடைசி எழுத்துகள் கரைந்திருந்தாலும், தந்தையின் பெருவிரல் ரேகை தெளிவாகவே இருந்தது. நகலெடுத்து, தலைமையாசிரியர் உறுதிப்படுத்திக் கொடுத்தார். விண்ணப்பம் இன்னும் பரிசீலனையில் இருக்கிறது.

அடுத்துப் பள்ளியின் பொருள் அறைக்குச் செல்ல வேண்டும். மேலும் சில பதிவேடுகள் அங்கே கிடக்கின்றன. நேற்று ஈரப்பதமானியை வைத்துப் பார்த்தபோது 91 காட்டியது. ரிங்லெட், பிரிஞ்சாங் பகுதிகளில் உள்ள ஆசிரியர்கள் தங்கள் பள்ளி அறைகளில் காலை ஏழு மணிக்கு எடுத்த அளவைத் தெரிவித்தால் ஒப்பிட்டுப் பார்க்க உதவியாக இருக்கும்.